நான் செய்த சாமி

சென்ற மாதம் ஓர் இளைஞர் என்னைத் தேடிக்கொண்டு வந்தார். கம்ப்யூட்டரில் அச்சடித்த நானூறு பக்கங்களைக் கயிறு போட்டுக் கட்டி எடுத்து வந்திருந்தார். அவருடைய முதல் நாவல். ராஜாக்கள், பறக்கும் குதிரைகள், ஏழு கடல், ஏழு கடலுக்கும் அப்பால் ஒரு மலை என்று எல்லாம் அதில் இருந்தன. மலையின் உச்சியில் ஒரு தெய்வம். எந்தப் புராணத்திலும் இல்லாத தெய்வம். முழுக்க முழுக்க அவருடைய கற்பனை. வலது கண்ணைத் திறந்தால் உலகங்கள் பிறக்கும். இடது கண்ணைத் திறந்தால் பிறந்த உலகங்கள் பொசுங்கிப் போகும். இரண்டையும் ஒரேயடியாகத் திறந்தால் என்ன ஆகும் என்பதை இரண்டாம் பாகத்துக்கு வைத்திருக்கிறாராம்.

"சாமி எப்படி சார் இருக்கு?" என்று கேட்டார்.

"நன்றாக இருக்கிறது" என்றேன். உபசாரத்துக்குச் சொல்லவில்லை, நன்றாகத்தான் இருந்தது. ஆனால் அதோடு நிறுத்திக்கொள்ளாமல், "இந்த நானூறு பக்கத்தில் யாராவது அதனிடம் போய் ஏதாவது கேட்கிறார்களா?" என்றும் கேட்டு வைத்தேன்.

அவருக்கு விளங்கவில்லை. "உலகத்தையே படைச்சு அழிக்கிற தெய்வம் சார். அதுகிட்டப் போய் யார் என்ன கேட்க முடியும்?" என்றார்.

அவர் சொன்னது நியாயம். என் கேள்விக்குக் காரணம் அவருடைய நாவலில் இல்லை, என்னிடத்தில் இருந்தது. அதை அன்றைக்கு அவரிடம் சொல்ல எனக்கு வாய் வரவில்லை. இங்கே எழுதிவிடுகிறேன். நானும் ஒரு காலத்தில் ஒரு சாமி செய்தவன். செய்து முப்பது வருஷத்துக்கு மேல் ஆகிறது. அந்தச் சாமியின் கணக்கு எனக்கு இன்னும் தீர்ந்தபாடில்லை.

என் ஊர் குமராட்சி. சிதம்பரத்திலிருந்து காட்டுமன்னார்கோயில் போகிற பஸ்ஸில் ஏறி உட்கார்ந்தால், இரண்டு பக்கமும் வயலும் வாய்க்காலுமாகப் பார்த்துக்கொண்டு வரும்போதே ஊர் வந்துவிடும். கல்கியின் வாசகர்களுக்கு அடையாளம் சொல்வது இன்னும் சுலபம். 'பொன்னியின் செல்வ'னில் வந்தியத்தேவன் ஆடிப் பதினெட்டன்று குதிரைமேல் வருகிறானே, அந்த வீரநாராயண ஏரி எங்களுக்கு மேற்கே இருக்கிறது. வீராணம் என்றால் எல்லாருக்கும் தெரியும். 2004-ஆம் வருஷத்திலிருந்து சென்னைவாசிகள் குடிக்கிற தண்ணீரில் ஒரு பங்கு அங்கிருந்து போகிறது.

தெற்கே கொள்ளிடம். 'கொள்ளும் இடம் கொள்ளிடம்' என்பார்கள் எங்கள் பக்கத்துப் பெரியவர்கள். தன்னால் தாங்க முடியாத வெள்ளத்தையெல்லாம் முக்கொம்பில் இதன் தலையில் கட்டிவிட்டு, காவேரி நல்ல பெண்ணாகத் தஞ்சாவூர்ப் பக்கம் நடையைக் கட்டிவிடுவாள். வருஷத்தில் பாதி நாள் கொள்ளிடத்தில் வெறும் மணல்தான். ஆனால் வந்தால் கரை தெரியாமல் வரும். அணைக்கரையில் 1836-ஆம் வருஷம் ஆர்தர் காட்டன் கட்டிய கீழணையிலிருந்துதான் வடக்கு ராஜன் வாய்க்கால் பிரிந்து எங்கள் பக்கத்து வயல்களுக்கு வருகிறது. ஆகவே எங்களுக்குச் சோறு போடுகிற தண்ணீரும், எங்களை அடித்துக்கொண்டு போகிற தண்ணீரும் ஒரே ஆற்றுத் தண்ணீர். இதில் யாரை வாழ்த்துவது, யாரை வைவது?

என் ஆயா இரண்டையும் செய்வாள். அவள் சிறு பெண்ணாக இருந்தபோது 1924-ஆம் வருஷத்துப் பெருவெள்ளம் வந்தது. அதைப் பற்றிச் சொல்லும்போது முதலில் பாவி, சண்டாளி என்று ஆற்றைத் திட்டுவாள். திட்டி முடித்து வெற்றிலையை மடித்து வாயில் போட்டுக்கொண்ட பிறகு குரல் மாறிவிடும். "ஆனா வெள்ளம் வடிஞ்சப்புறம் நெலத்துல வண்டல் படிஞ்சுது பாரு, அந்த வருஷம் வெளைஞ்ச மாரி அப்புறம் வெளையவே இல்லடா" என்பாள். மேற்கு வயல்காரனுக்கு வண்டலும் பக்கத்திலேயே கிழக்கு வயல்காரனுக்கு வெறும் மணலுமாகப் படிந்ததையும் சொல்வாள். "தண்ணிக்கு ஆளத் தெரியாது" என்று முடிப்பாள். 1934-ல் மேட்டூர் அணை வந்த பிறகு வண்டலில் பெரும் பங்கு அங்கேயே தங்கிவிடுகிறது என்பது நான் பிற்பாடு படித்துத் தெரிந்துகொண்ட விஷயம். ஆயாவுக்கு அது தெரியாது. ஆறு முன்போல் இல்லை, அதற்குக் கோபம் என்று மட்டும் சொல்லிக்கொண்டிருந்தாள்.

எனக்குப் பத்து வயசு இருக்கும். ஐப்பசி மாசம். ஒரு வாரமாக விடாத மழை. இரவில் தண்டோராச் சத்தம் கேட்டால் என் தங்கை எழுந்து உட்கார்ந்துகொண்டு அழுவாள். அவளுக்கு ஆறு வயசு. தண்ணீரை யார் அனுப்புகிறார்கள், ஏன் ராத்திரியிலேயே வருகிறது, வீட்டுக்குள் வந்தால் நம் கோழிக்குஞ்சு என்ன செய்யும் என்றெல்லாம் கேட்பாள். அவள் வாயை அடைப்பதற்காகத்தான் நான் அந்தச் சாமியைச் செய்தேன்.

பெயர் வண்டலம்மா. வாய்க்கால் படித்துறையில் களிமண் எடுத்து முழ உயரத்துக்குப் பிடித்தேன். கண்ணுக்கு இரண்டு நத்தை ஓடு. தலைமயிருக்கு ஆகாயத்தாமரை வேர். இடது கையில் ஒரு மண்வெட்டி; அதனால் கரையை வெட்டி எடுப்பாள். வலது கையில் ஒரு கூடை. எடுத்ததைக் கொண்டுபோய் வேறிடத்தில் கொட்டுவாள். வெட்டுவதும் கொட்டுவதும்தான் அவளுக்கு வேலை. தூங்கவே மாட்டாள்.

"எடுத்தா திருப்பிக் குடுப்பாளா?" என்றாள் தங்கை.

"குடுக்காம? ஒரு கரையில எடுத்தத இன்னொரு கரையில வெச்சிடுவா" என்றேன்.

சிருஷ்டி, சம்ஹாரம் இரண்டையும் ஒரே வாக்கியத்தில் முடித்துவிட்டேன். தங்கை அன்றிரவு நிம்மதியாகத் தூங்கினாள். அத்தோடு விஷயம் முடிந்திருக்க வேண்டும்.

ஆனால் தங்கை அடுத்த நாளே தெருவில் எல்லாக் குழந்தைகளிடமும் சொல்லிவிட்டாள். ஒரு பையன் பொரி கொண்டுவந்து வைத்தான். ஒரு பெண் செம்பருத்திப் பூ வைத்தாள். அந்தச் சமயம் பார்த்து, வாய்க்காலோடு போன ஒரு சின்னச் செருப்பு மறுநாள் கீழே மதகில் சிக்கிக்கொண்டு கிடைத்தது. செருப்பு மதகில் சிக்காமல் வேறு எங்கே சிக்கும் என்று யாரும் யோசிக்கவில்லை. வண்டலம்மா திருப்பிக் கொடுத்துவிட்டாள் என்று தெருவே பேசியது. நானும் அதை மறுக்கவில்லை. எனக்குப் பெருமையாக இருந்தது. எழுத்தாளனுக்கு முதல் கதை அச்சில் வந்தால் எப்படி இருக்குமோ அப்படி இருந்தது. அதற்குப் பிறகு எத்தனையோ கதைகள் அச்சில் வந்துவிட்டன. அவ்வளவு உடனடியான வெற்றி எனக்குத் திரும்பக் கிடைக்கவில்லை.

எங்கள் தெருவில் ஓர் அத்தை இருந்தாள். ரத்த உறவு இல்லை. தெருவில் எல்லாருக்கும் அத்தை. கொள்ளிடத்துப் படுகையில் அவர்களுக்குக் கொஞ்சம் நிலம் உண்டு. தண்ணீர் ஏறுகிறது என்று கேட்டு, அங்கே கட்டியிருந்த மாட்டை அவிழ்த்துவரப் புருஷன் போனான். ஏழு வயசுப் பையன் பின்னாலேயே ஓடியிருக்கிறான். மாடும் புருஷனும் வந்து சேர்ந்தார்கள். பையன் வரவில்லை. நாலைந்து நாள் தேடினார்கள். உடல் அகப்படவில்லை.

எட்டாம் நாளோ ஒன்பதாம் நாளோ சாயங்காலம், நான் படித்துறையில் தனியாக இருந்தேன். மழை வெறித்திருந்தது. அத்தை வந்து என் எதிரில் குந்தி உட்கார்ந்தாள். மண் சாமியைக் கொஞ்ச நேரம் பார்த்தாள். பெரியவர்களிடம் பேசுகிற மாதிரி என்னிடம் மரியாதையாகக் கேட்டாள்.

"தம்பி, இவ எடுத்தா இன்னொரு கரையில வெச்சிடுவாளாமே. நெசமா?"

எனக்கு எழுந்து ஓடிவிடலாம் போல் இருந்தது. 'இல்லை அத்தை, நான் சும்மா சொன்னேன்' என்று சொல்லியிருக்கலாம். அந்த ஒரு வாக்கியம் என் வாயில் வரவில்லை. தங்கைக்குச் சொன்ன பதில்தான் வந்தது.

"ஆமாம் அத்தை."

"எந்தக் கரையில?"

"அக்கரையில" என்றேன்.

அவள் தலையை ஆட்டிக்கொண்டு எழுந்து போனாள்.

அடுத்த வாரம் அத்தை பஸ்ஸேறி, கொள்ளிடம் பாலத்தைத் தாண்டி அக்கரைக்குப் போனாள். அந்தப் பக்கத்துக் கிராமங்களில் ஊர் ஊராக நின்று, ஏழு வயசில் ஒரு பையன் கரை ஒதுங்கினானா என்று விசாரித்துவிட்டு இரண்டு நாள் கழித்துத் திரும்பினாள். பொங்கலுக்குள் இன்னும் மூன்று தடவை போனாள். 'பாவம், மூளை கலங்கிப் போச்சு' என்று பேசிக்கொண்டார்கள். அவளை அனுப்பியது யார் என்று எனக்கு மட்டும் தெரியும்.

முதல் தடவை அவள் போன அன்றே ராத்திரி, யாருக்கும் தெரியாமல் படித்துறைக்குப் போய் வண்டலம்மாவைத் தூக்கித் தண்ணீரில் போட்டுவிட்டேன். களிமண்தானே, கரைந்துவிட்டது. பொம்மை கரைந்ததே தவிர, அத்தை போவது நிற்கவில்லை.

பிற்காலத்தில் புதுமைப்பித்தனின் 'சிற்பியின் நரகம்' படித்தபோது எனக்கு உடம்பு ஒரு தடவை தூக்கிப் போட்டது. அவர் எங்கள் ஜில்லாவில், திருப்பாதிரிப்புலியூரில் 1906-ல் பிறந்தவர் என்பதும் அப்போதுதான் தெரிந்தது. காவிரிப்பூம்பட்டினத்தில் சாத்தன் என்ற சிற்பி நடராஜ விக்கிரகம் ஒன்றை உயிரைக் கொடுத்துச் செய்கிறான். அது கோயிலுக்குள் போய்விட்டால் என்ன ஆகும் என்பதைக் கனவில் காண்கிறான். வருகிறவர்கள் யாரும் சிலையின் அழகைப் பார்க்கவில்லை. மோட்சம் மோட்சம் என்று தங்கள் காரியத்தைக் கேட்டுக்கொண்டே போகிறார்கள். கனவிலேயே அவன் அந்தச் சிலையை உடைக்கிறான். கலையைப் பார்க்கத் தெரியாத ஜனங்களைப் பற்றிய கதை என்று பலரும் அதைச் சொல்வார்கள். எனக்கு அது வேறு விதமாகப் பட்டது. சாமி என்று ஒன்றைச் செய்து வைத்தால் ஜனங்கள் வந்து கேட்கத்தான் கேட்பார்கள். கேட்பதற்காகத்தானே சாமி! செய்தவன் அதற்குத் தயாராக இல்லை என்றால் குற்றம் கேட்டவர்கள்பேரில் இல்லை.

மேல்நாட்டில் இந்த மாதிரி தெய்வம் செய்வதை ஒரு பெரிய இலக்கியத் தொழிலாகவே நடத்தியிருக்கிறார்கள். அயர்லாந்தில் டன்ஸனி பிரபு என்று ஒருவர். 1905-ல், இருபத்தேழு வயசில், தம் கைப்பணத்தைப் போட்டு ஒரு சின்னப் புத்தகம் வெளியிட்டார். 'பெகானாவின் தெய்வங்கள்' என்று பெயர். திருவல்லிக்கேணியில் ஒரு பழைய புத்தகக் கடையில் அதன் பிற்காலப் பதிப்பு ஒன்று எனக்குக் கிடைத்தது. அதில் வருகிற பெரிய தெய்வத்துக்கு மானா-யூத்-சூஷாய் என்று பெயர். அது சின்னத் தெய்வங்களைப் படைத்துவிட்டுத் தூங்கப் போய்விடுகிறது. சின்னத் தெய்வங்கள் பொழுது போகாமல் உலகங்களைச் செய்து விளையாடுகின்றன. ஸ்கார்ல் என்று ஒரு மேளக்காரன் உட்கார்ந்து ஓயாமல் மேளம் கொட்டிக்கொண்டிருக்கிறான். அவன் கை ஓய்ந்து சத்தம் நின்றால் பெரிய தெய்வம் விழித்துக்கொள்ளும். விழித்தால் உலகமும் இல்லை, சின்னத் தெய்வங்களும் இல்லை.

எவ்வளவு அழகான கற்பனை! பிறகு வந்த எத்தனையோ மாயக்கதைக்காரர்களுக்கு டன்ஸனிதான் முன்னோடி. டோல்கீன் தம்முடைய கற்பனை உலகத்தைப் பாட்டாலேயே படைக்க வைத்தார்; அவர் 1973-ல் காலமாகி நாலு வருஷம் கழித்துத்தான் அந்தப் புத்தகம் வெளிவந்தது. இவற்றையெல்லாம் நான் ஆசையோடு படித்திருக்கிறேன். படிக்கும்போது கொஞ்சம் பொறாமையும் உண்டு. அவர்களுடைய தெய்வங்கள் புத்தகத்தை விட்டு வெளியே இறங்கி வரவேண்டிய அவசியம் நேரவில்லை. பிள்ளையைப் பறிகொடுத்த ஒருத்தி டன்ஸனி பிரபுவின் மாளிகை வாசலில் வந்து குந்தி உட்கார்ந்து, "உங்கள் தெய்வம் என் பையனை எங்கே வைத்தது?" என்று கேட்டிருக்க மாட்டாள்.

எங்கள் ஊரில் அப்படி இல்லை. எங்களுக்குப் பக்கத்திலேயே சிதம்பரம். படைப்பையும் அழிப்பையும் ஒரே உருவத்தில் வைத்து வார்த்த தெய்வம் அங்கே ஆடிக்கொண்டிருக்கிறது. மார்கழித் திருவாதிரைக்கு அம்மா எங்களை அழைத்துப் போவாள். சின்ன வயசில் எனக்கு அந்த உருவத்தில் தெரிந்தது இரண்டே சமாசாரம். ஒரு கையில் உடுக்கை. ஒரு கையில் நெருப்பு. உடுக்கை படைக்கும், நெருப்பு அழிக்கும் என்று அம்மா சொன்னபோது, 'அட, நம் வண்டலம்மாவின் கூடையும் மண்வெட்டியும்தான்' என்று நினைத்துக்கொண்டேன். மனசுக்குள் நடராஜாவை எனக்குக் கூட்டாளி ஆக்கிக்கொண்டேன். அவரும் சொன்னபடி செய்யாமல் மாட்டிக்கொண்டவராக இருக்கலாம் என்று ஓர் ஆறுதல்.

கல்லூரிப் படிப்பை இரண்டு வருஷத்தோடு நிறுத்திக்கொண்டு சிதம்பரத்தில் வேலை தேடிக்கொண்டிருந்த நாளில், கீழ வீதியில் மலிவுப் பதிப்பாக 'உண்மை விளக்கம்' வாங்கினேன். மெய்கண்டாருடைய மாணவரான திருவதிகை மனவாசகங்கடந்தார் எழுதியது. பதின்மூன்றாம் நூற்றாண்டு நூல். திருவதிகையும் எங்கள் ஜில்லாதான், பண்ணுருட்டிக்குப் பக்கம். அந்தத் திருமேனியில் ஐந்து தொழில் இருக்கிறது என்று அவர் கணக்குப் போட்டுக் காட்டுகிறார். உடுக்கையில் படைத்தல், அஞ்சாதே என்று காட்டுகிற கையில் காத்தல், நெருப்பில் அழித்தல். ஊன்றின காலில் மறைத்தல். தூக்கின காலில் அருளல். நான் பார்த்துப் பார்த்துப் பழகின உருவத்தில் பாதிக்கு மேல் நான் பார்க்கவே இல்லை என்பது அப்போதுதான் தெரிந்தது.

யோசித்துப் பார்த்தால், படைக்கவும் அழிக்கவும் இரண்டு கை போதும். நடுவில் அகப்பட்டுக்கொண்டவர்களுக்குத்தான் மற்ற மூன்றும் வேண்டியிருக்கிறது. பத்து வயசுப் பையன் செய்த சாமிக்கு அந்த மூன்றும் இல்லை. அத்தை வந்து கேட்டபோது அவளிடம் நீட்டுவதற்கு வண்டலம்மாவுக்கு மூன்றாவது கை இல்லை. அதனால்தான் நான் கையை நீட்டி அக்கரையைக் காட்டினேன்.

சிதம்பரத்தில் திரையை விலக்கி ரகசியம் காட்டுகிறார்கள். தங்க வில்வமாலை தொங்குகிறது, பின்னால் வெட்டவெளி. 'இங்கே இருக்கிறது' என்று எந்த உருவத்தையும் காட்டுவதில்லை. கண்ணுக்கு ஒன்றும் அகப்படாமல் திரும்பி வருகிறவர்கள் யாரும் ஏமாந்து போனதாகச் சொல்லி நான் கேட்டதில்லை. இல்லாத இடத்தைக் காட்டி நான் ஒருத்தியை நாலு தடவை அலைய விட்டேன். அங்கே இல்லாததை இல்லாததாகவே காட்டிவிடுகிறார்கள்.

நடராஜாவை உலகத்துக்கு எடுத்துச் சொன்னவர்களில் முக்கியமானவர் ஆனந்த குமாரசுவாமி. கொழும்பில் பிறந்தவர், தகப்பனார் தமிழர், தாயார் ஆங்கிலேயப் பெண்மணி. 1918-ல் வந்த 'சிவ நடனம்' என்ற அவருடைய புத்தகத்துக்குப் பிறகு, மேல்நாட்டார் நம் ஆடவல்லானை ஒரு பெரிய தத்துவமாகவே பார்க்க ஆரம்பித்தார்கள். அணுவுக்குள் துகள்கள் தோன்றி மறைவதும் இதே கூத்துத்தான் என்று 1975-ல் ஃபிரிட்ஜாஃப் காப்ரா எழுதினார். ஜெனீவாவில் உள்ள செர்ன் என்ற பெரிய அணு ஆராய்ச்சி நிலையத்தில், இந்திய சர்க்கார் அன்பளித்த ஆளுயரத்துக்கும் மேற்பட்ட நடராஜர் சிலை 2004-ஆம் வருஷம் ஜூன் மாதம் திறந்து வைக்கப்பட்டது. பத்திரிகையில் படம் பார்த்து எனக்கும் பெருமையாகத்தான் இருந்தது.

அதே வருஷம் டிசம்பர் 26-ஆம் தேதி காலையில் கடல் ஏறி வந்தது. கடலூர் ஜில்லாவில் மட்டும் 600 பேருக்கு மேல் போனார்கள். சிதம்பரத்துக்குக் கிழக்கே, கிள்ளைப் பக்கத்துக் கரையோரக் குப்பங்களில் நான் பார்த்ததை இங்கே விவரிக்கப் போவதில்லை. ஒரு தாய் மணலில் உட்கார்ந்திருந்தாள். அவளுக்குப் பக்கத்தில் நின்றபோது, பிரபஞ்ச நடனம், துகள்களின் கூத்து என்பதெல்லாம் எனக்குச் சுத்தமாக மறந்து போயிற்று. ஞாபகம் இருந்தது ஒரு கேள்விதான். 'எந்தக் கரையில?'

இதற்குள் நான் நாவலாசிரியன் ஆகிவிட்டேன். நாவலாசிரியனுடைய தொழிலும் கூடையும் மண்வெட்டியும்தானே! வேண்டும்போது படைக்கிறோம், கதை இழுபறியாக இருந்தால் ஒருவரை வெட்டிவிடுகிறோம். 2018-ஆம் வருஷம், தொடராக வந்த என் கதை ஒன்றில் ஒரு குழந்தையை விஷ ஜுரத்தில் சாகடித்தேன். கதாநாயகன் ஊரை விட்டுக் கிளம்ப எனக்கு ஒரு காரணம் தேவைப்பட்டது; அவ்வளவுதான். ஒரு வாசகி கடிதம் எழுதினார். கோபம் ஒன்றும் இல்லை. 'அடுத்த அத்தியாயத்தில் அந்தக் குழந்தையின் தாயார் வரவே இல்லையே, அவர் என்ன ஆனார்?' என்று கேட்டிருந்தார். எனக்குப் பதில் தெரியவில்லை. அந்தத் தாயை நான் மறந்தே போயிருந்தேன்.

அந்த ஆகஸ்டு மாதத்தில் மேட்டூர் நிரம்பிக் கொள்ளிடத்தில் பெருவெள்ளம். 22-ஆம் தேதி இரவு முக்கொம்பு மேலணையில் ஒன்பது மதகுகள் உடைந்தன. திட்டுக்காட்டூர், கீழகுண்டலபாடி, அக்கரை ஜெயங்கொண்டபட்டினம் என்று எங்கள் ஒன்றியத்துக் கிராமங்களைத் தண்ணீர் சூழ்ந்துகொண்டதை டெலிவிஷனில் காட்டினார்கள். வாசகியின் கடிதம் மேஜைமேல் கிடந்தது. அன்றிரவே பஸ் ஏறிவிட்டேன்.

அத்தை அதே வீட்டில்தான் இருந்தாள். ஓட்டு வீடு போய் மாடிவீடு வந்திருந்தது. பையனுக்குப் பிறகு பிறந்த பெண் அதைக் கட்டியிருந்தாள். தலை முழுக்க நரை. என்னைப் பார்த்ததும் அடையாளம் தெரிந்துகொண்டு, முதலில் காபி போடச் சொன்னாள். பிறகு என் தங்கையைப் பற்றி, அவள் குழந்தைகளைப் பற்றியெல்லாம் விசாரித்தாள். நான் காபியைக் குடிக்காமல் டம்ளரைக் கையில் வைத்துக்கொண்டு, முப்பது வருஷமாகச் சொல்ல நினைத்ததைச் சொன்னேன். படித்துறையில் நான் சொன்னது பொய் என்று சொன்னேன்.

அத்தை சிரிக்கவும் இல்லை, அழவும் இல்லை.

"பொய்யின்னு அன்னைக்கே தெரியும் தம்பி. பத்து வயசுப் புள்ளைக்கு என்னா தெரியும்? நீ சொல்லாட்டியும் நான் அக்கரைக்குப் போயிருப்பேன். பெத்தவ வேற எங்க போவா?" என்றாள். கொஞ்ச நேரம் கழித்து, "ஊரே வந்து விதி விதின்னு சொல்லிட்டுப் போச்சு. எங்கேன்னு கேட்டதுக்கு ஒரு எடத்தச் சொன்னவன் நீ ஒருத்தன்தான்" என்றாள்.

எனக்கு மூச்சு வந்தது. அதற்குள் அவள் மேலும் சொன்னாள்: "ஆனாலும் நீ அதச் சொல்லியிருக்கக் கூடாது."

"ஆமாம் அத்தை" என்றேன். வேறு என்ன சொல்ல?

அவளுடைய பேத்தி எங்கள் பேச்சைக் கேட்டுக்கொண்டு கதவோரம் நின்றது. ஏழெட்டு வயசு இருக்கும். அதன் முகத்தைப் பார்த்துப் பேச்சை மாற்றுவதற்காக, "உனக்கு வண்டலம்மா தெரியுமா?" என்று கேட்டேன்.

"ஓ, தெரியுமே. ஆயா சொல்லியிருக்கு."

எனக்கு ஆச்சரியம். "அவள் கையில் என்ன இருக்கும் சொல்லு. ஒரு கையில் மண்வெட்டி, இன்னொரு கையில்..."

"மம்முட்டியா?" குழந்தை என்னை ஓர் அசட்டு மனுஷனைப் பார்க்கிற மாதிரி பார்த்தது. "அதெல்லாம் இல்ல. அவளுக்குப் பெரிய மடி இருக்கு. தண்ணியில போனதெல்லாம் அவ மடியிலதான் வெச்சிருக்கா. திருப்பிக் குடுக்க மாட்டா. ஆனா தெனம் ராத்திரி ஒண்ணொண்ணா எண்ணிப் பாப்பா. ஒண்ணக்கூட மறக்க மாட்டா."

நான் அத்தையைப் பார்த்தேன். அவள் வெற்றிலைக்குச் சுண்ணாம்பு தடவிக்கொண்டிருந்தாள்.

என் சாமியை நான் தண்ணீரில் போட்ட பிறகு, அவள் எடுத்து வளர்த்திருக்கிறாள். என் மண்வெட்டியையும் கூடையையும் பிடுங்கி எறிந்துவிட்டாள். எடுத்ததைத் திருப்பித் தருவாள் என்ற பொய்யைக் கழித்துவிட்டாள். மிச்சம் இருந்ததில் ஒரு மடியை வைத்தாள். உண்மை விளக்கம் படித்தவள் இல்லை அத்தை. மறைத்தலுக்கும் அருளலுக்கும் நான் புத்தகத்தில் தேடிக்கொண்டிருந்த அர்த்தத்தை அவள் ஒரு புடவைத் தலைப்பில் முடிந்து வைத்திருந்தாள்.

வாசல் வரைக்கும் என்னோடு வந்தாள். தெருக்கோடியில் வாய்க்கால் நிறைந்து போய்க்கொண்டிருந்தது.

"இப்பவும் கதைதான் எழுதறியாமே?" என்றாள்.

"ஆமாம் அத்தை."

"எழுது, எழுது. வேணாம்னு சொல்லல." படியில் நின்றுகொண்டு என் சட்டையில் ஒட்டியிருந்த ஏதோ ஒரு தூசியைத் தட்டிவிட்டாள். "யாரு கேக்கறாங்கன்னு பாத்துச் சொல்லு, தம்பி."